யூலியாவுக்குச் சொன்னது

சவுந்தரநாயகம் அழுததை அவன் மனைவி யோசெப்பின் அன்றுதான் முதன்முதலாகப் பார்த்தாள். அதுவும் பெஞ்சமினைப் பார்த்து அழுதான்.

கொட்டாஞ்சேனை வேதக்கோயில் வளவில் ஞாயிறு பின்னேரம் கூத்து ஒத்திகை. துறைமுகத்தில் கப்பல்களுக்குக் கரி சுமக்கிற சவுந்தரநாயகம்தான் வலேரியன். ரோமாபுரியில் சனங்கள் வேடிக்கை பார்க்க வெட்டிக்கொண்டு சாகிற அடிமை வீரன். அவனைக் காதலிக்கிற பிரபு மகள் யூலியாவின் வேஷம் பெஞ்சமினுக்கு. அவனும் கரி சுமக்கிறவன்தான். மீசையை மழித்து, வெள்ளைக்கார மகாராசாவின் முடிசூட்டு விழாவுக்குத் தோரணம் கட்டி மிஞ்சிய சிவப்புத் துணியைச் சேலையாகச் சுற்றியிருந்தான்.

வேதத்துக்காக உயிர் விடுகிற வேதசாட்சிக் கூத்தில் காதல் எதற்கு என்று சுவாமியார் கேட்டபோது, "காதல் இல்லாட்டி மிச்சம் வெட்டுக்குத்துத்தான் சுவாமி. அதைச் சனம் துறைமுகத்திலேயே பார்க்குது" என்று கூத்துப் பழக்குகிற அண்ணாவியார் அவர் வாயை அடைத்துவிட்டார்.

சாகப் போகுமுன் வலேரியன் பாடினான்.

"வாள்முனைக்கு அஞ்சேன் யூலியா, உன் வாடிய முகத்துக்கே அஞ்சுகிறேன்."

குரல் உடைந்தது. எவ்வளவு தேய்த்தும் கரி போகாத கன்னத்தில் கண்ணீர் இறங்கியது. பெண்கள் மூக்கைச் சிந்தினார்கள். யோசெப்பினுக்குச் சிரிப்பதா, எழும்பிப் போவதா என்று விளங்கவில்லை. எழுத்துத் தெரியாத அவனுக்கு அந்த அடியைச் சொல்லிக்கொடுத்ததே அவள்தான், அடுப்பை ஊதிக்கொண்டே. அப்போதெல்லாம் அவன் கண் சோற்றுப் பானையில் இருந்தது. பிள்ளையைப் புதைத்த அன்றைக்கும் அழாத மனுசன்.

வீட்டுக்கு வந்து உலையை வைத்ததும் கேட்டாள்.

"இஞ்சேருங்கோ, ஆரை நினைச்சு அழுதனீங்கள்?"

"அது கூத்தடி."

"பெஞ்சமினுக்காகவோ?"

"அவன்ர வாயில கள்ளு நாத்தம். அவனுக்கு ஆர் அழுவான்?"

"அப்ப ஆருக்கு?"

அவன் தலையைச் சொறிந்தான். "எனக்கே தெரியேல்ல. வாளைப் பிடிச்சா வருது."

"வாள் இல்லாம எனக்கு ஒருக்காச் சொல்லுங்கோ. ராகம் வேண்டாம்."

"உனக்கு எதுக்கு? நீதானே சொல்லித் தந்தனி!"

"சொல்லுங்கோ."

கையை எங்கே வைப்பதென்று தெரியாமல் எழும்பி நின்றான். பாரம் தூக்கக் குனிகிறவன் மாதிரி கழுத்து நரம்பு புடைத்தது.

"முதல் சொல்லு என்னடி?"

அவள் தயங்கினாள். எடுத்துக் கொடுத்தால் மிச்சம் வந்துவிடும். பிறகு அது அவன் சொன்னதா, அவள் சொன்னதா? கொடுக்காவிட்டால் இனி ஒருநாளும் வராது.

"வாள்முனைக்கு" என்றாள்.

"வாள்முனைக்கு அஞ்சேன் யூலியா..."

அவ்வளவுதான், குரல் உடைந்துவிட்டது. வாள் பிடிக்கிற கை அவள் மணிக்கட்டை வலிக்க வலிக்கப் பிடித்திருந்தது. அவள் பேருக்குப் பதில் யூலியாவின் பேரைச் சொன்னது அவனுக்குத் தெரியவே இல்லை.

சோறு பொங்கி அடுப்பில் வழிந்தது. பேரைத் திருத்துவதா, கையை விடுவிப்பதா என்று தெரியாமல், அவன் அடுத்த சொல்லுக்குத் தடுமாறுகிறான் என்று நினைத்து, "உன் வாடிய முகத்துக்கே" என்று அவளே எடுத்துக் கொடுத்தாள்.