குங்குமம் வெச்ச சிடி

துடைக்க ஆரம்பிச்சா எனக்கு நிறுத்தத் தெரியாது. சரஸ்வதி பூஜை அன்னிக்குக் காலையில அருவாமனை, தையல் மெஷின், என் வீட்டுக்காரர் திருநாவுக்கரசோட ஸ்கூட்டர், எல்லாத்தையும் துடைச்சுக் குங்குமம் வெச்சேன். அதோட விட்டேனா? கம்ப்யூட்டருக்கு உள்ளேயும் சுத்தம் பண்றேன்னு உட்கார்ந்து, வேண்டாததுன்னு நெனச்சு ஒண்ணை அழிச்சேன். அது நெட்டை இயக்குற நெட்வொர்க் டிரைவர். இன்டர்நெட் போச்சு. புத்தி கெட்டவ நான்!

சாயங்காலம் நாலு மணிக்கு எனக்கு ஆன்லைன் டெஸ்ட். பிள்ளைங்களுக்காக வேலையை விட்டு ஆறு வருஷம். எத்தனையோ இடத்துக்கு எழுதிப் போட்டும், கூப்பிட்டது இங்கே ஹைதராபாத்ல இருக்கிற இந்த மாதாப்பூர் கம்பெனி மட்டும்தான். டெஸ்ட் வைக்கிறது அமெரிக்காக்காரன். அவனுக்குப் பூஜையாவது, பண்டிகையாவது!

மணி மூணு. ரெண்டு தடவை ரீஸ்டார்ட் பண்ணினேன். நெட் இல்லைன்னு காட்டுற சிவப்புப் பெருக்கல் குறி அசையலை. டிரைவரை நெட்ல இறக்கலாம்னா, நெட்தானே இல்லை! தெருமுனை பிரௌசிங் சென்டருக்கு ஓடினேன். பண்டிகைன்னு ஷட்டரை இறக்கிட்டான்.

அப்பதான் ஞாபகம் வந்தது, கம்ப்யூட்டரோட வந்த டிரைவர் சிடி. எங்கே? பூஜை அடுக்குல, பிள்ளைங்க புத்தகத்துக்கும் அவரோட ஆபீஸ் ஃபைலுக்கும் அடியில. காலையில நானே குங்குமம் வெச்சு அடுக்கினது.

கையை நீட்டினேன். ஹால்ல கிரிக்கெட் பார்த்துட்டு இருந்தவர் ஓடி வந்தார்.

"நக்கோ பூர்ணா, வேண்டாம்! நாளைக்குக் காலையில பூஜை பண்ணிட்டுத்தான் எடுக்கணும். இன்னிக்குப் படிக்கவே கூடாது, நீ பரீட்சை எழுதுவியா?"

எனக்குப் பத்திக்கிட்டு வந்தது.

"டிவிக்கும் நான்தாங்க குங்குமம் வெச்சேன். அது மட்டும் ஓடலாமா?"

திரும்பி டிவியைப் பார்த்தார்.

தாயே, மன்னிச்சுக்கோன்னு சிடியை உருவினேன். போட்டு, இன்ஸ்டால் பண்ணி, மறுபடி ரீஸ்டார்ட். சிவப்புக் குறி போயிடுச்சு! மணி மூணு அம்பத்தாறு. டெஸ்ட் பக்கம் திறந்தப்ப ஹால்ல டிவி சத்தம் நின்னது. அவரே ஆஃப் பண்ணிட்டார்.

அஞ்சரைக்கு எழுதி முடிச்சு, சிடியைத் திருப்பி வைக்கப் போனேன். அப்பதான் அந்த அடுக்கை ஒழுங்காப் பார்த்தேன். பிள்ளைங்களோடது இருக்கு, அவரோடது இருக்கு. ஆறு வருஷமா என்னோடதுன்னு ஒண்ணுமே நான் வெச்சதில்லை. பீரோவைத் திறந்து என் டிகிரி சர்டிஃபிகேட்டை உறையோட எடுத்து எல்லாத்துக்கும் மேல வெச்சேன்.

அவர் குங்குமக் கிண்ணத்தை நீட்டினார்.

"காலையில பூஜை முடிஞ்சதும் திரும்ப பீரோவுல வெச்சிடவா?"

"வேண்டாங்க,"ன்னு சொன்னேன். "வெளியிலயே இருக்கட்டும். எனக்கு வேணும்."