குழுக்கடன் பசி

குழுக்கடனுக்குக் கையெழுத்துப் போட்ட மறுநாளே, ஆவடியை அடுத்த கோவில்பதாகையின் ஐந்து பெண்களுக்கும் பசி ஒன்றாகிவிட்டது. ஒருத்தி சாப்பிடாவிட்டால், மற்ற நால்வரும் எத்தனை தட்டு சோறு தின்றாலும் வயிறு அடங்காது. கடன் கொடுத்த நிறுவனத்துக்கு இது தெரியாது. தவணை தவறாததால் அவர்கள் எதையும் கேட்கவும் இல்லை. கடன்பட்டவர்கள் ஒருவரையொருவர் எதனால் நம்புகிறார்கள் என்று ஆராய வந்த மானிடவியல் மாணவி கிருஷ்ணப்பிரியாதான் இதை முதலில் நோட்டில் எழுதினாள். 'நம்பிக்கை' என்ற தலைப்பில் சேர்ப்பதா, 'உடல்நலம்' என்பதிலா என்பதில் மட்டும் அவளுக்குக் குழப்பம் இருந்தது.

இரண்டாம் வருஷம் ஐவரில் ஒருத்தியான ரேஷ்மாவின் கணவனுக்கு லேத் பட்டறையில் விரல்கள் போயின. அவளுடைய மூன்று தவணை நின்றது. ஒரு திங்கட்கிழமை இருவரும் வீட்டைப் பூட்டிக்கொண்டு சொல்லாமல் போய்விட்டார்கள். அவள் பங்கையும் நால்வரே கட்டினார்கள். வசூலுக்கு வந்தவன் போலீசில் எழுதிக் கொடுக்கச் சொன்னான். குழுத் தலைவி வடிவு வயிற்றைப் பிடித்துக்கொண்டு, "துட்டு கெடக்குது நைனா. அந்தப் பொண்ணு மூணு நாளா எங்கயோ துன்னாம கீது," என்றாள்.

பூந்தமல்லிப் பக்கம் போனால் பசி கூடியது. ஆவடிப் பக்கம் திரும்பினால் குறைந்தது. எனவே நால்வரும் தூக்குச் சட்டியில் சாம்பார் சாதம் எடுத்துக்கொண்டு பூந்தமல்லி பஸ் ஏறினார்கள். கிருஷ்ணப்பிரியாவும் உடன் போனாள். வழியில் பாரிவாக்கத்தில் வடிவு பசி தாங்காமல் இருக்கையிலேயே சுருண்டாள். இறங்கி நடந்தார்கள். பாதி கட்டிய அடுக்குமாடியின் வாட்ச்மேன் அறையில் ரேஷ்மா இருந்தாள். அவர்களைப் பார்த்ததும் முகத்தை மூடிக்கொண்டு, "சீக்கிரம் கட்டிடறேங்க்கா," என்று அழுதாள்.

"அத்த அப்பால பேசிக்கலாம். வாயத் தொற," என்றாள் வடிவு.

அவள் முதல் கவளத்தை விழுங்கியதும் நால்வருக்கும் ஏப்பம் வந்தது. ரேஷ்மாவின் கணவனுக்கு மீதியைக் கொடுத்தார்கள்.

அடுத்த கடனுக்கு ரேஷ்மாவைச் சேர்க்க வேண்டுமானால் ஆறாவதாக ஒரு கையெழுத்து வேண்டும் என்றது நிறுவனம். ஆய்வு செய்பவள் தலையிடக் கூடாது என்று பேராசிரியர் பலமுறை சொல்லியிருந்தார். கிருஷ்ணப்பிரியா இரண்டு நாள் யோசித்தாள். மூன்றாம் நாள் பேனாவை எடுத்தாள்.

ஆய்வேட்டின் கடைசி அத்தியாயத்தை விடுதி அறையில் எழுதிக்கொண்டிருந்தபோது பிற்பகல் மூன்றரை மணிக்கு வடிவின் போன் வந்தது. "இன்னாம்மா நீ? அஞ்சு பேரும் ரெண்டு தபா துன்னுட்டோம். எங்க வயித்துல நெருப்பு வெச்சிகினு நீ எழுதிகினு கீறியா?"

"இதோ போறேங்க்கா," என்று சொல்லிவிட்டு, அவள் செருப்பை மாட்டிக்கொண்டு மெஸ்ஸுக்கு ஓடினாள்.