கண்ணாடிக்கு அந்தப் பக்கம்

என் மகளுக்குக் காது கேட்காது என்பதை யாருக்கும் தெரியாமல் மறைத்தவள் நான்தான். கடைசியில் அவளுக்குக் காது கேட்காது என்று நிரூபிக்க நானே கோர்ட் படி ஏற வேண்டியதாயிற்று.

பஸ் நிலைய டிக்கெட் கவுண்டரில் இருபது வருஷமாக உட்கார்ந்திருக்கிறேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நிற்பவர் சொல்வது பாதிதான் காதில் விழும். உதட்டைப் பார்த்தே எந்த ஊர், எத்தனை பேர் என்று தெரிந்துகொள்வேன். நான்கு வயதில் மகளுக்கு இரண்டு காதும் மந்தம் என்று டாக்டர் சொன்னபோது, என் நாத்தனார் வாயில் விழக்கூடாதே என்பதுதான் எனக்கு முதல் கவலை. அந்த வாயில் விழுந்தவர்கள் எழுந்ததாகச் சரித்திரம் இல்லை. காதுக் கருவியை வாங்கி அலமாரியில் பூட்டினேன். பள்ளி விட்டதும் குழந்தையைக் கவுண்டருக்குக் கூட்டிவந்து பக்கத்து ஸ்டூலில் உட்கார வைத்தேன். வரிசையில் நிற்பவர் எந்த ஊர் கேட்கிறார் என்று எனக்கு முன்னால் அவள் சொல்ல வேண்டும். ஆறே மாதத்தில் என்னைத் தோற்கடித்தாள். மற்றவர்கள் கேள்வி கேட்க இடம் கொடுக்காமல் தானே பேசிக்கொண்டிருக்கவும் பழகினாள். புரியாவிட்டால் சிரித்த முகத்தோடு தலையாட்டவும் பழக்கினேன். வீட்டில் அவள் பெயரே ரேடியோ. நாத்தனாருக்குச் சந்தேகமே வரவில்லை. எனக்குத் தலைகால் புரியாத பெருமை.

பள்ளிப் படிப்பு முடிந்ததும் அவள் ஆசைப்பட்டது கட்டடக்கலை. அந்தக் கல்லூரியில் காது கேளாதவர்களுக்கு ஒதுக்கியது ஒரே ஒரு இடம். குறைபாடு நாற்பது சதவீதம் இருக்க வேண்டும். யாருக்கும் தெரியாமல் நான் வாங்கி வைத்திருந்த சான்றிதழில் ஐம்பத்திரண்டு. இடம் கிடைத்தது. பட்டியலில் அடுத்து நின்ற பையனின் அப்பா வழக்குப் போட்டார். நேர்காணலில் இவள் சரளமாகப் பேசினாளாம், அதனால் சான்றிதழ் போலியாம். அவரைத் திட்ட எனக்கு வாய் வரவில்லை. அவர் பையன் காதில் கருவியோடு, யார் கூப்பிட்டாலும் திரும்பாமல், கோர்ட் வராந்தாவில் உட்கார்ந்திருந்தான். அவனைப் பார்த்தால் யாருக்கும் தெரியும். என் மகளைப் பார்த்தால் தெரியாது.

மருத்துவக் குழு மறுபடி சோதிக்க வேண்டும் என்று நீதிபதி உத்தரவு போட்டார். எங்கள் வக்கீல் என்னைத் தனியாகக் கூப்பிட்டார்.

"அங்க போய் சாமர்த்தியம் எதுவும் காட்ட வேண்டாம்மா. கேட்டா விரலைத் தூக்கட்டும். கேக்கலைன்னா சும்மா உக்காந்திருக்கட்டும். அவ்வளவுதான்."

ஆஸ்பத்திரியில் சத்தம் புகாத சின்ன அறை, நடுவில் கண்ணாடி. மகள் உள்ளே ஹெட்போனோடு உட்கார்ந்தாள். வெளியே இயந்திரத்தின் முன்னால் சோதனை செய்பவர். அவரைப் பார்க்க முடியாதபடி அவள் நாற்காலியைச் சுவர்ப் பக்கம் திருப்பிப் போட்டிருக்க வேண்டும். வரிசையில் இன்னும் ஒன்பது பேர் இருந்தார்கள், அவர் திருப்பவில்லை. நான் பின்னால் பெஞ்சில் இருந்தேன். ஹெட்போனுக்குச் சத்தம் அனுப்பும் பட்டனை அவர் அழுத்தினார், அவள் விரல் உயர்ந்தது. மறுபடி அழுத்தினார், மறுபடி உயர்ந்தது. அப்போதுதான் அவள் கண்ணைக் கவனித்தேன். அவருடைய வலது முழங்கையை விட்டு அது நகரவில்லை. அழுத்தும்போது பல தடவை முழங்கை துளி அசைந்தது.

எழுந்து போய்ச் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. கெட்டிக்காரி, மாட்டிக்கொள்ளவே மாட்டாள் என்று எனக்குப் பூரிப்பாக இருந்தது. எதற்காக வந்தோம் என்று உறைத்தபோது அவள் ஹெட்போனைக் கழற்றிக்கொண்டிருந்தாள்.

"ஏண்டி இப்படிப் பண்ணினே?"

"தெரியலைம்மா. டெஸ்ட்டுன்னாங்க. தப்பாயிடுமோன்னு பயந்துட்டேன்."

சோதனை செய்பவரிடம் கெஞ்சினேன். முடிவு பதிவாகிவிட்டது என்றார். முப்பத்தொரு சதவீதம்.

முழங்கை விஷயத்தை எங்கள் வக்கீல் கோர்ட்டில் எடுத்துச் சொன்னார். இவ்வளவு கெட்டிக்காரப் பெண்ணுக்கு ஒதுக்கீடு எதற்கு என்று எதிர்த்தரப்பு வக்கீல் கேட்க, கோர்ட்டே சிரித்தது. நரம்பை நேராக அளக்கும் சோதனை ஒன்று உண்டு. அதில் யாராலும் ஏமாற்ற முடியாது. அதற்கு மூன்று வாரம் கழித்துத்தான் தேதி கிடைத்தது. கல்லூரிச் சேர்க்கைக்கு மிச்சம் இருந்ததோ நான்கு நாள்.

தீர்ப்பு நாளன்று மகளை முன்வரிசையில் உட்கார வைத்தேன். நீதிபதி தாளை முகத்துக்கு நேராகப் பிடித்துக்கொண்டு வாசித்தார். சான்றிதழ் செல்லாது, இடம் அந்தப் பையனுக்கு என்றார். வாசித்து முடித்ததும் தாளை இறக்கினார். அவருக்கு இரக்கம் வந்திருக்க வேண்டும்.

"புரிஞ்சுதாம்மா?" என்று அவளைப் பார்த்துக் கேட்டார்.

அவள் சிரித்த முகத்தோடு தலையாட்டினாள். எதிர்த்தரப்பு வக்கீல் தன் ஜூனியரிடம் அவளைச் சுட்டிக்காட்டினார்.

வெளியே வராந்தாவில் என் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"அம்மா, பேப்பர் அவர் வாயை மறைச்சிடுச்சு. என்ன சொன்னாரு?"

எப்போதும் செய்வதுபோல் என் முகத்தை வெளிச்சத்துக்குத் திருப்பிக்கொண்டேன். அவளுக்குக் குரல் தேவை இல்லை. இடம் உனக்கு இல்லைடி என்று உதட்டை மட்டும் அசைத்தேன்.

படித்துவிட்டாள். சுற்றிலும் ஆட்கள் நின்றுகொண்டிருந்தார்கள். நான் பழக்கியபடியே, சிரித்த முகத்தோடு தலையாட்டினாள்.