அறுபத்தொரு வீட்டுக்கு ஒரு பெட்டி

துப்பாக்கி உரிம அலுவலகம் என்று சொன்னால் கேட்பவர்கள் கொஞ்சம் விலகி உட்காருகிறார்கள். என்னமோ நாங்கள் மேசைக்கு மேசை பீரங்கி வைத்திருப்பது போல. இங்கே இருப்பது பசை, குண்டூசி, தூசி, பிறகு நான். கோப்புப் பிரிவில் பன்னிரண்டு வருடம் ஓட்டிவிட்டேன். அந்தப் பசை வாடை பிடிக்காமல் ஆரம்பத்தில் மதியச் சாப்பாட்டை மாடிப்படியில் வைத்துச் சாப்பிட்டேன். இப்போது வீட்டில்தான் ஏதோ குறைகிற மாதிரி இருக்கிறது.

போன வருடம் பதினாறு வயதுப் பயல் ஒருவன் மாமாவின் தலையணைக்கு அடியிலிருந்த துப்பாக்கியை எடுத்துப்போய்ப் பள்ளி வாசலில் நான்கு பேரைச் சுட்டான். ஒரு வாரம் ஊரே மெழுகுவர்த்தி ஏற்றியது. அதற்கப்புறம் புது விதி வந்தது. வீட்டில் துப்பாக்கி வைத்திருப்பவர்கள் அதைச் சுவரோடு போல்ட் போட்டு முடுக்கிய இரும்புப் பெட்டியில் பூட்டி வைக்க வேண்டும். சாவி உரிமக்காரரைத் தவிர வேறு யார் கையிலும் இருக்கக் கூடாது. அதிகாரி வீடு வீடாகப் போய்ப் பார்த்துக் கையெழுத்திட வேண்டும். நல்ல விதிதான், நான் குறை சொல்லவில்லை.

எங்கள் அதிகாரிக்கு வீடு வீடாகப் போவதென்றால் முட்டி வலி. கேன்டீனுக்கு நாலு தடவை போனால் வலிக்காது. அதனால் பெட்டியின் போட்டோ இருந்தால் போதும் என்று அவராகவே முடிவு செய்துகொண்டார். போட்டோவை ஒட்டுவதும், பக்க எண் போடுவதும், ‘சரிபார்க்கப்பட்டது’ என்று முத்திரை குத்துவதும் என் வேலை. அதன்மேல் அவர் கையெழுத்துப் போடுவார். ஒரு நாளைக்கு நாற்பது கோப்பு. போட்டோவில் பெட்டி இருக்கிறதா, இருக்கிறது, டொக். அடுத்தது. இப்படித்தான் இரண்டு மாதம் குத்தித் தள்ளினேன்.

என் தங்கை வீட்டுக்காரர் டைல்ஸ் வியாபாரம் செய்கிறார். டைல்ஸுக்கு எதற்குத் துப்பாக்கி என்று கேட்டால், காலம் கெட்டுக் கிடக்கிறது என்பார். அவர் கோப்பும் என் மேசைக்கு வந்தது. மாப்பிள்ளை கோப்பாயிற்றே என்று வந்த அன்றே முத்திரை குத்தி அனுப்பினேன். இதை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு வாய் கசக்கிறது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் தங்கை வீட்டுக்குப் போயிருந்தேன். அவள் பெண்ணுக்கு ஆறு வயது. எல்லாருக்கும் அவள் குட்டிதான். நான் படுக்கையறையில் காலை நீட்டிச் சாய்ந்திருந்தேன். குட்டி வந்து என் கையைப் பிடித்து இழுத்தாள்.

"பெரியம்மா, போலீஸ் விளையாட்டு விளையாடலாமா? நான்தான் போலீஸ்."

"விளையாடலாமே. துப்பாக்கி வேணுமே, என்ன பண்ணுவ?"

விளையாட்டாகத்தான் கேட்டேன். அவள் போய் ஒரு நாற்காலியை இழுத்துக்கொண்டு வந்தாள். அலமாரி வரைக்கும் தரையில் நாற்காலிக் கால் கிழித்த கோடுகள் இருந்தன. ஒன்றிரண்டு இல்லை. அவள் அந்தக் கோட்டின் மேலேயே நாற்காலியை இழுத்து, ஏறி நின்று, மேல் தட்டில் போர்வைகளுக்கு அடியில் கையை விட்டாள். எனக்கு அப்போதுதான் உறைத்தது. பாய்ந்து போய் அவள் இடுப்பைப் பிடித்து இறக்கினேன். போர்வைக்குள் தலையணை உறை, உறைக்குள் துப்பாக்கி. பன்னிரண்டு வருடம் துப்பாக்கி அலுவலகத்தில் சம்பளம் வாங்குகிறேன். அன்றைக்குத்தான் முதல்முறையாக ஒன்றைக் கையால் தொட்டேன். அது இவ்வளவு கனமாக இருக்கும் என்று தெரியாது.

மாப்பிள்ளை கூடத்தில் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். உறையோடு கொண்டுபோய் அவர் எதிரே வைத்தேன்.

"மாப்பிள்ளை, பெட்டி எங்க?"

"எந்தப் பெட்டிக்கா?"

"எங்க ஆபீஸுக்கு போட்டோ கொடுத்தீங்களே. பச்சைச் சுவர்ல மாட்டின இரும்புப் பெட்டி."

அவர் வாயில் சோற்றோடு சிரித்தார். "அதுவா? துப்பாக்கிக் கடைக்காரர் கொடுக்கிற போட்டோ அது. யார் கேட்டாலும் அதையேதான் கொடுப்பார். ஆபீஸ்ல ஒருத்தரும் உத்துப் பாக்க மாட்டாங்கன்னு அவரே சொன்னார். நீங்கதானே முத்திரை குத்தினீங்க? தேங்க்ஸ்க்கா."

தோட்டாவை மட்டும் கழற்றிச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டு, சாப்பாட்டைத் தொடர்ந்தார். சமையலறைக்குப் போனேன். தங்கை கழுவின பாத்திரத்தையே திரும்பக் கழுவிக்கொண்டிருந்தாள்.

"துப்பாக்கி அலமாரில இருக்கிறது உனக்குத் தெரியுமா?"

"பெருசு பண்ணாதேக்கா. அவர் சுடுற ஆளு இல்ல. கோவம் வந்தா எடுத்து சாப்பாட்டு மேசை மேல வெப்பார். வெச்சுட்டு சாப்பிடுவார். அவ்வளவுதான்."

"அப்ப நீ என்ன பண்ணுவ?"

"பரிமாறுவேன்."

இதைச் சொல்லிவிட்டு அவள் குழாயை இன்னும் கொஞ்சம் திறந்துவிட்டாள். கூடத்துக்குக் கேட்டுவிடக் கூடாதாம்.

திங்கட்கிழமை காலையிலேயே கோப்புகளை இறக்கினேன். பச்சைச் சுவர். பெட்டியின் இடது கீழ்மூலையில் ஒரு நசுங்கல். பக்கத்தில் சுவிட்சு போர்டு, அதில் மூன்றாவது சுவிட்சு பிய்ந்துபோய் ஓட்டை. இந்த ஒரே பெட்டி, இந்த ஒரே சுவர், இந்த ஒரே ஓட்டை அறுபத்தொரு கோப்பில் இருந்தது. அத்தனையிலும் என் முத்திரை நேராக, அழகாக, மை சிந்தாமல் விழுந்திருந்தது. பக்கத்து மேசைக்காரர் எட்டிப் பார்த்தார். அவருக்கு நாங்கள் வைத்த பெயர் தூங்குமூஞ்சி. "எல்லாம் ஒரே கம்பெனிப் பெட்டி போல" என்றார். அவரைச் சொல்லி என்ன பயன். நானும் அப்படித்தானே இருந்தேன்.

அறுபத்தொரு போட்டோவையும் அதிகாரியின் மேசையில் பரப்பினேன். அவர் மூக்குக்கண்ணாடியைத் துடைத்தார். எனக்கும் சேர்த்து ஒரு டீ சொன்னார். டீ சொன்னாலே ஆபத்து என்று எங்கள் அலுவலகத்தில் எல்லாருக்கும் தெரியும்.

"இப்ப என்ன பண்ணலாங்கறீங்க?"

"சார், அறுபத்தொரு வீட்லயும் துப்பாக்கி எங்க கிடக்குன்னே நமக்குத் தெரியாது. ஒரு வீட்ல ஆறு வயசுப் பொண்ணு ஏறி எடுக்கிற இடத்துல கிடக்கு. நானே பார்த்தேன்."

"இது வெளிய போச்சுன்னா முதல்ல யாரைக் கேப்பாங்க? உங்க முத்திரை முன்னாடி இருக்கு. என் கையெழுத்து அதுக்குக் கீழதான் இருக்கு. டீ ஆறிடும், குடிங்க."

நான் குடிக்கவில்லை. அன்றைக்கே தலைமை அலுவலகத்துக்கு எழுதினேன். முதல் வரியிலேயே என் தவறை ஒப்புக்கொண்டேன், இரண்டாவது வரியில் அவருடையதை. என்னை வேலையை விட்டுத் தூக்கியிருந்தால் சந்தோஷப்பட்டிருப்பேன், யாரோ படித்தார்கள் என்று தெரிந்திருக்கும்.

பதினைந்து நாள் கழித்து உத்தரவு வந்தது. அறுபத்தொரு துப்பாக்கியையும் எங்கள் அலுவலகக் கிடங்கில் ஒப்படைக்க வேண்டும். புதிய போட்டோ கொடுத்துத் திரும்பப் பெற்றுக்கொள்ளலாம். கடைசி வரியை மூன்று தடவை படித்தேன்: ‘போட்டோக்கள் ஒன்றைப் போல் ஒன்று இருக்கக் கூடாது.’ போய்ப் பாருங்கள் என்று யாரும் எழுதவில்லை. வேறு வேறு போட்டோ வேண்டுமாம்.

மாப்பிள்ளையின் துப்பாக்கியும் கிடங்குக்கு வந்தது. தங்கை என்னோடு பேசுவதை நிறுத்தினாள். ‘நீ செய்த வேலையால் என்னால் வீட்டில் இருக்க முடியவில்லை’ என்று ஒரு வரி செய்தி மட்டும் அனுப்பினாள். அதிகாரி என் முத்திரையை எடுத்துத் தூங்குமூஞ்சியிடம் கொடுத்தார். எனக்கு வேலைப் பளு அதிகமாம், அக்கறையாம். ஆனாலும் கிடங்கில் துப்பாக்கி இருந்த அந்த ஐந்து வாரமும் நான் நிம்மதியாகத் தூங்கினேன்.

பிறகு புது போட்டோக்கள் வர ஆரம்பித்தன. நீலச் சுவர், ரோஸ் சுவர், மஞ்சள் சுவர். ஒன்றில் சுவர்க் கடிகாரம், ஒன்றில் பூச்சாடி, ஒன்றில் செருப்பு ஸ்டாண்ட். பெட்டியின் இடது கீழ்மூலையில் அதே நசுங்கல். சுவிட்சு போர்டில் மூன்றாவது இடத்தில் அதே ஓட்டை. கடைக்காரர் சுவருக்கு மட்டும் பெயின்ட் அடித்திருக்கிறார். ஒவ்வொரு நிறமாக, மெனக்கெட்டு. அந்த உழைப்பில் பாதியைப் போட்டிருந்தால் அறுபத்தொரு வீட்டிலும் நிஜப் பெட்டியே மாட்டியிருக்கலாம். முதலில் எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. அப்புறம் கழிப்பறைக்குப் போய் முகம் கழுவிக்கொண்டு வந்தேன்.

அதிகாரியிடம் காட்டினேன். "வேற வேற கலர்தானே?" என்றார். அதோடு சரி.

மாப்பிள்ளையின் கோப்பு ஒரு வியாழக்கிழமை வந்தது. அவருடையது வெள்ளைச் சுவர். நிஜ வீடு மாதிரித் தெரிய வேண்டும் என்பதற்காகப் பெட்டிக்குப் பக்கத்தில் குட்டியை நிறுத்தியிருந்தார்கள். நல்ல உடுப்பு, இரட்டைச் சடை, முன் பல் விழுந்த சிரிப்பு. வலது கையைத் தூக்கி எதையோ காட்டிக்கொண்டிருந்தாள். கண்ணுக்கு அருகில் கொண்டுபோய்ப் பார்த்தேன். பெட்டியின் சாவி. ஆறு வயதுப் பெண்ணின் கையில் துப்பாக்கிப் பெட்டியின் சாவியைக் கொடுத்து, சிரி என்று சொல்லி, படம் பிடித்து, அதை ஆதாரம் என்று அனுப்பியிருக்கிறார்கள். அவளுடைய வெள்ளைக் கவுன் மேல் ‘சரிபார்க்கப்பட்டது’ என்று ஏற்கெனவே விழுந்திருந்தது. கீழே அதிகாரியின் கையெழுத்து.

"குழந்தை அழகா இருக்கு, இல்ல? யாரோ என்னவோ" என்றார் தூங்குமூஞ்சி.

"என் தங்கச்சி பொண்ணு."

"அப்படியா. உங்க ஜாடை இருக்கு."

அவர் சாவியைப் பார்க்கவே இல்லை. சாயங்காலம் தங்கையிடமிருந்து போன் வந்தது. ஐந்து வாரம் கழித்து அவள் குரலைக் கேட்கிறேன்.

"போட்டோ பார்த்தியாக்கா? குட்டி எப்படி இருக்கா பாரு. அவர்தான் சொன்னார், பெரியம்மா இவ முகத்தைப் பார்த்தா தடுக்க மாட்டாங்கன்னு." பிறகு மெதுவாக, "அது வந்துட்டா அவர் கோவம் குறையும்க்கா. இப்ப கையால" என்று ஆரம்பித்து நிறுத்திவிட்டாள்.

"குட்டியைக் கூட்டிட்டு நம்ம வீட்டுக்கு வந்துடு."

"பார்க்கிறேன்" என்றாள். வர மாட்டாள் என்று எனக்குத் தெரியும். இந்தக் குடும்பத்தில் பார்க்கிறேன் என்றால் அதுதான் அர்த்தம்.

மறுநாள் காலை பதினொரு மணிக்கு, எல்லாருக்கும் துப்பாக்கியைத் திருப்பிக் கொடுக்கக் கிடங்கு திறக்கும். கோப்பைக் காட்டினால்தான் கிடங்குக்காரர் துப்பாக்கியை வெளியே கொடுப்பார். கோப்பு இல்லை என்றால் துப்பாக்கியே இல்லாத மாதிரிதான், அமைச்சரே வந்து கேட்டாலும் அசைய மாட்டார். எங்கள் அலுவலகத்தில் ஒழுங்காகக் கடைப்பிடிக்கப்படும் ஒரே விதி அது. கோப்பு தொலைவதும் இங்கே புதிதில்லை. தொலைந்த கோப்பு கிடைத்ததாகத்தான் சரித்திரம் இல்லை.

பத்தரை மணிக்கு மாப்பிள்ளையின் கோப்பை எடுத்துக்கொண்டு பின்னறைக்குப் போனேன். இறந்துபோன உரிமக்காரர்களின் கோப்புகளை அடுக்கி வைத்த அலமாரி ஒன்று அங்கே உண்டு. யாரும் திறப்பதில்லை. போட்டோவிலிருந்த குட்டியின் முகத்தை ஒருமுறை தடவிவிட்டு, செத்தவர்களுக்கு நடுவே செருகினேன். எனக்குக் கை கூசியது, அவ்வளவுதான். இத்தனை வருடம் இந்த அலுவலகத்தில் எதை அருவருத்தேனோ, கடைசியில் அதையே செய்துதான் ஒரு பிள்ளையைக் காப்பாற்ற வேண்டியிருந்தது.

பதினொன்றரைக்கு மாப்பிள்ளை ஜன்னலுக்கு வந்தார். "அக்கா, என் கோப்பு இல்லேங்கறாங்க."

"தேடிட்டு இருக்கோம் மாப்பிள்ளை."

"எத்தனை நாள் ஆகும்?"

நான் வாய் திறப்பதற்குள் தூங்குமூஞ்சி பதில் சொன்னார், கள்ளம் கபடம் இல்லாமல். "போன தடவை ஒண்ணு காணாம போச்சு சார். மூணு வருஷம் ஆச்சு. இன்னும் தேடிட்டுத்தான் இருக்கோம்."

மாப்பிள்ளை என்னையே பார்த்தார். நானும் பார்த்தேன். அலுவலக முகம் என்று ஒன்று உண்டு, பன்னிரண்டு வருடத்தில் அது எனக்கு நன்றாகவே வந்துவிட்டது. கடைசியில் அவர்தான் கண்ணை எடுத்தார்.

அவர் போன பிறகு கிடங்கு வாசலைப் பார்த்தேன். மீதி அறுபது பேர் வரிசையில் நின்றார்கள். பெயரைக் கூப்பிடக் கூப்பிட ஒவ்வொருவராகப் போய், துணியில் சுற்றியதை வாங்கிப் பைக்குள் வைத்துக்கொண்டு கிளம்பினார்கள். அதில் ஒருவர் மகளையும் அழைத்து வந்திருந்தார். நம் குட்டியின் வயதுதான் இருக்கும். அப்பாவுக்கு உதவியாகப் பையின் ஒரு காதைப் பிடித்துக்கொண்டு படி இறங்கினாள். போகிற போக்கில் ஜன்னல் வழியாக என்னைப் பார்த்துக் கையாட்டினாள். நானும் கையாட்டினேன். அவளுக்கு இந்த அலுவலகத்தில் பெரியம்மா யாரும் இல்லை.