ஆயிரம் எண்ணுகிற வரைக்கும்

"நீதான் நினைச்சே."

"நான் நினைக்கலக்கா, எத்தனை தடவை—"

"குழாயைத் திறந்தா மூடத் தெரியாது, கதவைத் திறந்தா சாத்தத் தெரியாது. நினைப்பை மட்டும் மூடி வெச்சுட்டியாக்கும்?"

"சரி, நான்தான்! நான்தான் நினைச்சேன்னே வெச்சுக்கோ! அதனால சின்னவ போய்ச் சேர்ந்துடுவாளா?"

தம்பி கத்தியதும் பயண அலுவலகத்தின் நாற்காலிகள் நாலடி பின்னால் நகர்ந்துகொண்டன. கனவுக்குள் இருக்கிற ஊர் எங்களுடையது. சத்தம் போட்டால் நாற்காலிகளுக்கு ஆகாது. நான் வாயை மூடிக்கொண்டேன். அவன் நினைக்கவில்லை என்று எனக்குத் தெரியும். மூன்று நாளாகத் தெரியும்.

எங்கள் தங்கை, சின்னவள், ஒரு தூரத்து நட்சத்திரத்தில் அது கருகாமல் எரியத் திரி வெட்டும் வேலைக்குப் புறப்பட்டிருந்தாள். வெளிச்சமே அங்கே போய்ச் சேரப் பத்தொன்பது வருஷம் ஆகும். ஆனால் எங்கள் ஊரில் வெளிச்சத்தை முந்தலாம். அந்தக் கணக்கைப் பள்ளிக்கூடப் பிள்ளைகள்கூடச் சொல்லும். வெளிச்சத்துக்கு எடை கிடையாது. ஆனாலும் பார்க்கிறவர்களின் கண் அதைக் கொஞ்சம் பிடித்து இழுக்கிறது. யாரும் பார்க்காத, யாரும் நினைக்காத ஒன்றுக்கு அந்த இழுப்பும் இல்லை. அது வெளிச்சத்தைத் தாண்டிப் போய்விடும். விழித்திருக்கிறவர்களின் உலகத்தில் இது நடக்காது, நினைப்பைக் கழற்றிக் கீழே வைக்க அவர்களுக்குத் தெரியாது. நாங்கள் வைப்போம். ஆயிரம் எண்ணுகிற நேரத்துக்குப் போகிறவரைப் பற்றிய நினைப்பையெல்லாம் கண்ணாடிப் புட்டிகளில் இறக்கி மூடிக் கொடுத்துவிட வேண்டும். மணி அடித்ததும் திருப்பித் தந்துவிடுவார்கள்.

மணி அடித்தது. புட்டிகளும் வந்தன. சின்னவள் போய்ச் சேர்ந்த செய்தி மட்டும் வரவில்லை. யாரோ ஏதோ ஒரு நினைப்பைப் பிடித்து வைத்ததில், வெளிச்சத்தோடு வெளிச்சமாக மாட்டிக்கொண்டாள். அவளுக்கு அது செருப்பை அவிழ்க்கிற நேரம்தான். எங்களுக்குப் பத்தொன்பது வருஷம். இன்று சாயங்காலம் அலுவலகத்தின் பயண வாசலை அடைப்பதற்குள் எல்லோரும் மறுபடி முழுசாக இறக்கினால் அவளைத் தள்ளிவிடலாம். அப்புறம் முடியாது.

நிறுவைக்காரர் தராசோடு வந்தார். அவருக்குச் சின்னவளின் சீட்டு எண் மட்டும்தான் தெரியும். நினைப்பு ஒட்டிவிடக் கூடாதென்று பெயரைக்கூடக் கேட்டுக்கொள்ள மாட்டார்.

"கூட வேலை பார்த்தவங்க, பக்கத்து வீட்டுக்காரங்க, எல்லார் புட்டியும் சரியா இருக்கும்மா. உங்க ரெண்டு பேர்ல ஒருத்தர்கிட்டதான் மிச்சம். மிளகு அளவுதான் இருக்கும்."

"மிளகு அளவுக்கா இவ்வளவு பாடு?" என்றேன்.

"கண்ணுல விழுந்த தூசி எவ்வளவு பெரிசும்மா?"

தம்பி தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தான். அவனுக்குத் தெருக்களை மேய்க்கிற வேலை. காலையில் ஓட்டிப் போய்ச் சாயங்காலம் அந்தந்த இடத்தில் கொண்டுவந்து கட்டுவான். மூன்று நாளாகப் போகவில்லை. ஊரே வீடு தெரியாமல் அலைந்துகொண்டிருந்தது.

"அக்கா, ஒருவேளை நிஜமாவே நான்தானோ?"

"என்னடா உளர்றே?"

"எண்ணூறு எண்ணும்போது யாரோ ஒரு பொண்ணு சிரிச்ச மாதிரி இருந்துது. யாருன்னு தெரியல. அது அவளாத்தான் இருக்கும். நீ சொல்றது சரிதான், என் மண்டை ஒரு ஓட்டை வாளி."

அப்போதாவது சொல்லியிருக்கலாம். "பாத்தியா?" என்றுதான் என் வாயில் வந்தது.

அவன் நிறுவைக்காரர் பக்கம் திரும்பினான். "ஐயா, திருப்பி வாங்காமலே குடுக்கிறதுன்னு ஒண்ணு இருக்காமே?"

"இருக்கு. வேரோட எடுத்துடுவோம். அப்புறம் அந்த ஆள் எதிர்ல வந்து நின்னாலும் உங்களுக்கு யாரோதான்."

"எடுத்துக்கங்க. அவ குழந்தைல பேசினது, சண்டை போட்டது, எல்லாத்தையும். மறுபடி நான் தப்பு பண்ணிட்டா அவ கதி என்ன? காகிதத்தைக் குடுங்க."

காகிதம் வந்தது. அவன் பேனாவை உதறினான். மை வரவில்லை, மறுபடி உதறினான். அவன் மொத்தமும் கொடுத்தாலும் சின்னவள் ஒரு அடி நகரமாட்டாள் என்று எனக்குத் தெரியும்.

"நில்லுடா."

"என்ன?"

"நான்தான்."

"நீ என்ன?"

"நாக்குக்கு அடியில வெச்சிருந்தேன். ஒண்ணே ஒண்ணு. ஆயிரம் எண்ணி முடிக்கிற வரைக்கும்."

பேனாவைக் கீழே வைக்காமலே என்னைப் பார்த்தான். "மூணு நாளா என்னைப் போட்டு—"

"ஆமா."

"எதுக்கு?"

"புட்டி கண்ணாடி. நீ பக்கத்துல நின்னே, பாத்துடுவியேன்னு."

நிறுவைக்காரர் சின்னதாக ஒரு புட்டியை என் வாயருகே பிடித்தார். நான் அதை இறக்கினேன். உள்ளே கொஞ்சம் புகைந்து, பிறகு தெளிந்தது.

ஒரு பேருந்து நிலையம். பெஞ்சில் ஐந்து வயதுச் சின்னவள், கால் தரைக்கு எட்டவில்லை, கையில் பாதி தின்ற பன். "இங்கேயே உட்காரு, வந்துடறேன்" என்று என் குரல். எனக்குப் பதினெட்டு வயது. அம்மா போய் ஒரு மாதம். என் கையில் ஒரு பை, ஒற்றை டிக்கெட். பேருந்தின் பின் கண்ணாடியில் பெஞ்ச் சின்னதாகிக்கொண்டே போகிறது. மூன்று நிறுத்தம் கடக்கிறது. அப்புறம் எதிர்ப்பக்கப் பேருந்து. அதே பெஞ்ச். பன் தீர்ந்திருக்கிறது. அவள் அழவில்லை. நகர்ந்து எனக்கு இடம் விடுகிறாள்.

தம்பி குனிந்து இரண்டு தடவை பார்த்தான்.

"அன்னிக்கு நான் எங்கே இருந்தேன்?"

"பள்ளிக்கூடத்துல."

"சாயங்காலம் நான் காலி வீட்டுக்கு வந்திருப்பேன்."

"ஆமா."

நிறுவைக்காரர் தராசைப் பார்த்தார். "இப்ப எடை சரியா இருக்கும்மா. நீங்க ரெண்டு பேரும் மத்த நினைப்பையும் புட்டியில இறக்கிட்டா அந்தப் பொண்ணு போய்ச் சேர்ந்துடும். மூடிடட்டுமா?"

நான் தலையாட்டினேன். தம்பி தன் உள்ளங்கையால் புட்டியின் வாயைப் பொத்தினான்.

"ஒரு நிமிஷம் இருங்க ஐயா. அக்கா, திரும்பி எதுக்கு வந்தே?"