எடுக்காத காட்சி

அவளுக்குப் பொறுமை அதிகம் என்று சொன்னால் வீட்டில் சிரிப்பார்கள். குக்கர் விசில் அடிக்கும்வரைகூட நிற்கத் தெரியாதவள், ஒரு நீர்நாய்க் குடும்பத்தைப் படமெடுக்க ஆற்றங்கரையில் துணிக் கூடாரத்துக்குள் வாரக்கணக்கில் குந்தியிருந்தாள். படத்தின் டைரக்டர் அவளுடைய சொந்த அண்ணன். கூடாரத்தில் துணைக்கு ஒலிப்பதிவாளர். இலை விழுந்தாலும் கேட்கும் என்பதால் அவனுக்குப் பாம்புக்காது என்று பெயர்.

அன்று காலை ஆறு கலங்கி ஏறியது. தாய் நீர்நாய் குட்டிகளை ஒவ்வொன்றாகக் கவ்வி அக்கரைக்குக் கொண்டுபோனது. கடைசிக் குட்டி பாறையில் நின்று கத்தியது. தாய் பாதி தூரம் நீந்தி வந்து, கூடாரத்தைப் பார்த்துச் சீறிவிட்டுத் திரும்பியது. மறுபடி வந்தது. மறுபடியும் திரும்பியது. அண்ணன் 'இன்னும் நெருக்கமா வேணும்' என்று கேட்டதால், முந்தின நாள்தான் கூடாரத்தைப் பாறையருகே நகர்த்தியிருந்தார்கள்.

"அக்கா, நான் போய்த் தூக்கிடவா?"

"நம்மளப் பாத்தா தண்ணில குதிச்சிடும்."

லென்ஸில் குட்டியின் மீசை முடிகூடத் தெரிந்தது.

"கூடாரத்தப் பிரி. கிளம்பலாம்."

"கேமராவ மட்டும் ஓடவிட்டுப் போலாமே? படத்துக்கே இதுதாங்கா உயிரு."

"தண்ணி ஏறுது, அடிச்சிட்டுப் போயிடும். மெதுவா எழுந்திரு."

எல்லாவற்றையும் சுருட்டிக்கொண்டு மேட்டுப் புதருக்குப் பின்னால் போனார்கள். அங்கிருந்து ஆறு தெரியாது. சற்று நேரத்தில், மைக்கை ஆற்றுப் பக்கம் நீட்டிப் பதிவு செய்துகொண்டிருந்த பாம்புக்காது ஹெட்போனை அழுத்திப் பிடித்தான்.

"கத்தல் நின்னுடுச்சுக்கா."

என்ன ஆனது என்று கேட்க அவளுக்குப் பயம்.

பிறகு அவன் முகம் தெளிந்தது. "அக்கரையில கேக்குது. தாயும் குட்டியும். ரெண்டும்."

இறங்கி வந்து வெறும் பாறையைப் படமெடுத்தாள். தண்ணீர் அதன் மேல் ஏறத் தொடங்கியிருந்தது.

எடிட்டிங் அறையில் அண்ணன் திரையை நிறுத்தினான். "குட்டி இருக்கு, அப்புறம் பாறை இருக்கு. நடுவுல?"

"நாங்க அங்க இல்லண்ணே." நடந்ததைச் சொன்னாள்.

"முதல் குட்டியத் தூக்குற ஷாட் நிறைய இருக்கே," என்றார் எடிட்டர். "அத இங்க ஒட்டிடலாம். ரெண்டும் ஒரே ஜாடை."

அண்ணன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தான். துடைத்து முடிந்த பிறகும் துடைத்துக்கொண்டே இருந்தான்.

"கூடாரத்த நகத்தச் சொன்னது நான்தானே," என்றான் கடைசியில். "அக்கரைச் சத்தத்த அந்தப் பாறை மேல போடுங்க, பாப்போம்."

எடிட்டர் போட்டார். வெறும் பாறை, எங்கிருந்தோ இரண்டு கீச்சுக் குரல்கள். அண்ணன் இன்னொரு தடவை போடச் சொன்னான். அவள் நாற்காலியை இழுத்துப் போட்டு, வந்ததிலிருந்து முதல்முறையாக உட்கார்ந்தாள்.