இஸ்திரி போடும் கை

மின்சார இஸ்திரிப் பெட்டி விளம்பரம் தியேட்டர்களில் ஓடத் தொடங்கிய வெள்ளிக்கிழமையிலிருந்து, அதை வரைந்த ஓவியரின் மனைவிக்கு வலது கையைத் தவிர வேறெதுவும் அசையவில்லை. சட்டை தேய்த்துக்கொண்டிருந்தவள் சிரித்த முகத்தோடு அப்படியே நின்றுவிட்டாள். ஓவியர் பிளக்கைப் பிடுங்கிப் பார்த்தார். கை நிற்கவில்லை. காரணம் அவருக்கு உடனே புரிந்தது. பொம்மைப் படத்தில் வேலையை மிச்சம்பிடிக்க, உடம்பைக் கண்ணாடித்தாளில் ஒரே தடவை வரைவார்கள். அசைகிற கையை மட்டும் வேறு தாள்களில் வரைந்து, மேலே மாற்றி மாற்றி வைத்துப் படம்பிடிப்பார்கள். அவசரத்தில் வேறு முகம் கிடைக்காமல் வீட்டுக்காரியின் முகத்தையே போட்டுவிட்டார், ஒரு வார்த்தை கேட்காமல். வரைந்த அன்று தாளைப் பார்த்து அவள் கேட்டது இவ்வளவுதான்: "ஏங்க, நான் என்னைக்குங்க இப்படிச் சிரிச்சுக்கிட்டே துணி தேச்சேன்?"

டாக்டர் நாடி பார்த்து, "உடம்புக்கு ஒண்ணுமில்ல, படத்தைத்தான் நிறுத்தணும்" என்று பையைத் தூக்கிக்கொண்டார். கம்பெனி மேனேஜர் ஓவியரை உட்காரவைத்துக் காபி கொடுத்தார். "கடையில பெட்டி நிக்க மாட்டேங்குது சார். இப்பப் போயி நிறுத்தச் சொல்றீங்களே, நியாயமா?" அவள் எழுந்து நடப்பதாக நாலு தாளாவது சேர்க்கலாம் என்று ஸ்டூடியோவுக்கு ஓடினால், உடம்புத் தாளைச் சோப்புப் போட்டுக் கழுவியாயிற்று. வேலை முடிந்த தாளையெல்லாம் அப்படித்தான் கழுவுவார்கள். அதில் இப்போது வேறொரு விளம்பரத்துக்கு வரைந்த மின்விசிறி இருந்தது. அவளுடைய சிரிக்காத பழைய முகத்தை ஞாபகத்திலிருந்து வரைய உட்கார்ந்தார். அழுகை வந்ததே தவிர முகம் வரவில்லை.

எங்கேயாவது ஒரு தியேட்டரில் படம் ஓடிக்கொண்டிருந்ததால் கை ஓயவே இல்லை. சிரிப்பின் இடுக்கில் பாலைப் புகட்டியே வருஷங்கள் போயின. வாஷிங் மெஷின் வந்தது, கலர் வந்தது, பழைய படத்தைத் தூக்கிவிட்டார்கள். ஓவியர் செருப்பைக்கூட மாட்டாமல் வீட்டுக்கு ஓடினார். கையும் நின்றிருந்தது.

மறுநாள் அதே மேனேஜரிடம் போய், படத்தை ஓட்டச் சொல்லிக் கெஞ்சினார். அவர் கையை விரித்துவிட்டார். கடைசியில், ஊர்க்கோடித் தியேட்டர் ஆபரேட்டர் தன்னிடமிருந்த கீறல் விழுந்த பிரதியை மாலை ஆட்டத்துக்கு முன் ஓட்ட ஒப்புக்கொண்டார். "ஒரு நிமிஷப் படம்தானே சார், ஜனங்க உக்கார்றதுக்குள்ள முடிஞ்சிரும்."

இன்றும் ஓட்டுகிறார். மாலை ஆட்டத்துக்கு மணி அடிக்கிற நேரத்தில் ஓவியர் அவள் கையிலிருக்கும் பெட்டியை மெதுவாகக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு, அவள் துணி தேய்க்கும் மேசைமேல் தலையைச் சாய்த்துக்கொள்கிறார். கை அவர் தலைமுடிமேல் முன்னும் பின்னும் போய்வருகிறது. படம் முடிந்ததும் எழுந்து விளக்கைப் போடுகிறார்.